வேலைப் படிவத்தில் சங்கம் பற்றிய கேள்வி: என்ன எழுதுவது, எதில் கையெழுத்திடுவது?

உசிலம்பட்டிப் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து எழுதியிருக்கும் வாசகருக்கு வயது முப்பத்தொன்று. ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் படித்தவர். மதுரைக்கு வடக்கே ஒரு நூற்பாலையில் ஆறு ஆண்டுகள் ரிங் பிரேம் பகுதியில் பராமரிப்பு வேலை பார்த்தார். அதில் கடைசி மூன்று ஆண்டுகள் ஆலைச் சங்கத்தின் செயற்குழுவில் இருந்தார். கூலி உயர்வு கேட்டு ஆலை வாசலில் நடந்த மறியலில் மற்றவர்களோடு இவரையும் காவல்துறை வேனில் ஏற்றிக் கொண்டுபோய், ஒரு கல்யாண மண்டபத்தில் உட்கார வைத்து, மதியம் சாப்பாடு கொடுத்து, சாயங்காலம் பெயர் எழுதிக்கொண்டு அனுப்பிவிட்டது. சென்ற ஆண்டு கணக்கு முடித்து ஆலையை விட்டு வெளியேறினார்.

ஒரு மாதத்துக்கு முன்பு திண்டுக்கல் சாலையிலுள்ள ஓர் ஆலையில் நேர்காணல் முடிந்து, "திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குச் சேரவும்" என்று வாட்ஸ்அப் செய்தி வந்தது. ஞாயிறு இரவு, இடம் நிரம்பிவிட்டதென்று தொலைபேசியில் சொல்லிவிட்டார்கள். பழைய ஆலையின் அதிகாரி ஒருவர் பேசியதுதான் காரணம் என்று உள்ளே வேலை பார்க்கும் நண்பர் சொல்கிறார். இப்போது திருமங்கலம் பக்கம் ஒரு வாகன உதிரிபாகத் தொழிற்சாலையில் தேர்வாகியிருக்கிறார். விண்ணப்பப் படிவத்தின் பதினேழாவது கேள்வி: "தாங்கள் ஏதேனும் தொழிற்சங்கத்தில் உறுப்பினரா?" பதினெட்டாவது, குற்ற வழக்கு உண்டா என்பது. அதோடு, எந்தச் சங்கத்திலும் சேரமாட்டேன் என்று முத்திரைத்தாளில் ஓர் உறுதிமொழியும், எதுவும் எழுதாத இரண்டு வெள்ளைத்தாள்களில் கையெழுத்தும் கேட்கிறார்கள். பத்து நாள் அவகாசம். பொய் எழுதலாமா, உறுதிமொழி பின்னாளில் தன்னைக் கட்டுப்படுத்துமா, கைவிரித்த ஆலைமீது வழக்குப் போடலாமா என்று கேட்கிறார். "அந்தச் சங்கமே வேண்டாமென்று எழுதிக் கொடுத்தால்தான் என்ன?" என்று மனைவி கேட்பதையும் மறைக்காமல் எழுதியிருக்கிறார். அடையாளம் தெரியாதிருக்கச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் கடிதத்தில் ஒரு வரியை அடிக்கோடிட்டிருக்கிறீர்கள்: "சங்கம் சேருவது அரசியலமைப்பு கொடுத்த உரிமை, ஆகவே இப்படிக் கேட்பதே குற்றம்." முதல் பாதி முழுக்கச் சரி. அரசியலமைப்பின் 19(1)(இ) பிரிவு சங்கம் அமைக்கும் உரிமையைத் தருகிறது. இரண்டாம் பாதியில்தான் நீங்கள் தடுக்கி விழக்கூடும். அதனால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

கேட்பது குற்றமா?

நம் தொழிலாளர் சட்டம் கட்டப்பட்டிருப்பது 'தொழிலாளி' என்ற சொல்லின்மேல். 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணையில் நியாயமற்ற தொழில் நடைமுறைகள் பட்டியலிடப்பட்டிருந்தன. சங்கத்தில் சேர்ந்தால் வேலையை விட்டு நீக்குவேன் என்று மிரட்டுவது அதில் முதல் இனம். 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு, 2020 நடைமுறைக்கு வந்திருக்கிறது. அதன் இரண்டாம் அட்டவணையிலும் ஏறக்குறைய அதே பட்டியல் இருக்கிறது. பழைய சட்டத்தில் தண்டனை ஆறு மாதம் வரை சிறை அல்லது ஆயிரம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். புதிய தொகுப்பில் முதல் தடவைக்குச் சிறை இல்லை, பத்தாயிரத்திலிருந்து இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம். ஆனால் இரண்டு சட்டங்களிலும் பாதுகாப்பு பெறுபவர் வேலையில் இருக்கும் தொழிலாளி, அல்லது வேலையிலிருந்து நீக்கப்பட்டவர். விண்ணப்பப் படிவத்தைக் கையில் வைத்துக்கொண்டு காவலாளி அறைக்கு வெளியே வேப்பமரத்தடியில் நிற்பவரைச் சட்டம் இன்னும் தொழிலாளியாகப் பார்ப்பதில்லை. 'நீ சங்கத்தில் இருந்தவனா?' என்று வேலைக்கு எடுக்கும்முன் ஒரு தனியார் நிறுவனம் கேட்பதை நேரடியாகத் தடைசெய்யும் மத்தியச் சட்டம் எதுவும் இல்லை. கசப்பாக இருந்தாலும் நிலைமை இதுதான்.

உங்கள் மைத்துனர் அனுப்பிய, சங்கத்தவருக்கு வேலை மறுப்பது சட்டவிரோதம் என்று சொல்லும் காணொளி பொய்யல்ல. அது அமெரிக்காவின் சட்டத்தைப் பற்றியது. அங்கே 1935-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி சங்கத்தவர் என்பதற்காக வேலை மறுப்பதும் நியாயமற்ற நடைமுறை என்று 1941-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சங்கத்தில் சேரக்கூடாது என்பதை வேலைக்கு நிபந்தனையாக்குவதற்கு எதிராகப் பாதுகாப்பு தர வேண்டும் என்று சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 98-ஆம் எண் உடன்படிக்கையும் 1949 முதல் சொல்லிவருகிறது. அந்த உடன்படிக்கையை இந்தியா இன்றுவரை ஏற்புறுதி செய்யவில்லை. ஆகவே அந்தக் காணொளியை மேலாளரிடம் காட்டி வாதாடப் போக வேண்டாம்.

அடிப்படை உரிமையைக் கொண்டு உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கே போய்விடலாமே என்றும் கேட்டிருக்கிறீர்கள். அடிப்படை உரிமைகள் பெரும்பாலும் அரசை நோக்கியவை. 19, 21 ஆகிய பிரிவுகளின் உரிமைகளைத் தனியாருக்கு எதிராகவும் கோரலாம் என்று 2023-இல் உச்ச நீதிமன்ற அரசியலமைப்பு அமர்வின் பெரும்பான்மைத் தீர்ப்பு சொன்னது உண்மை. ஆனால் அதை ஊன்றுகோலாகப் பிடித்துக்கொண்டு ஒரு தனியார் தொழிற்சாலையில் பத்து நாளைக்குள் ஃபிட்டர் வேலை வாங்கிவிட முடியாது. விண்ணப்பித்த இடம் அரசு நிறுவனமாக இருந்தால் நான் வேறு பதில் எழுதியிருப்பேன்.

பதினேழாவது கேள்விக்கு என்ன எழுதுவது

பொய் எழுதாதீர்கள். இதை நீதிக்கதையாகச் சொல்லவில்லை. சேரும்போது முந்தைய வேலை பற்றித் தவறான தகவல் தருவது பல ஆலைகளின் நிலையாணைகளில் (வேலை ஒழுங்கு விதிகளில்) தனி ஒழுங்கீனமாகவே எழுதப்பட்டிருக்கிறது. சங்கத்தில் சேர்ந்ததற்காக உங்களை நீக்கினால் வழக்கில் நிறுவனம்தான் திணறும். படிவத்தில் பொய் சொன்னதற்காக நீக்கினால் திணறப்போவது நீங்கள். அந்தக் கத்தியை நீங்களே தீட்டி அவர்கள் கையில் கொடுக்கக் கூடாது. ஆறு ஆண்டு ஆலை வேலையையே மறைத்து, ஊரில் பட்டறை வைத்திருந்ததாக எழுதலாமா என்று யோசிப்பதாகச் சொல்கிறீர்கள். அது மூன்று நாள்கூடத் தாங்காது. வருங்கால வைப்புநிதிக்கான உங்கள் யுஏஎன் எண்ணைப் போட்ட உடனே பழைய ஆலையின் பெயரும், சேர்ந்த தேதியும், விலகிய தேதியும் திரையில் வந்துவிடும். புது எண் வாங்கிக்கொள்ளலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். பழைய எண்ணிலுள்ள உங்கள் பணம் அந்தரத்தில் நிற்கும்.

ஆனால் பொய் சொல்லக்கூடாது என்பதற்குக் கேட்காததையெல்லாம் கொட்ட வேண்டும் என்று பொருளில்லை. நீங்கள் அனுப்பிய படிவத்தின் நகலைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தேன். "உறுப்பினரா?" என்றுதான் இருக்கிறது, "உறுப்பினராக இருந்தீர்களா?" என்று இல்லை. கேள்வி நிகழ்காலத்தில் நிற்கிறது. நீங்கள் ஆலையை விட்டு வந்து ஓராண்டாகிவிட்டது, அதற்குப்பின் சந்தா கட்டவில்லை என்கிறீர்கள். உங்கள் சங்கத்தின் விதிப்புத்தகத்தை வாங்கி, வேலையை விட்டவரின் உறுப்பினர் தகுதி எப்போது முடிகிறது, சந்தா எத்தனை மாதம் நின்றால் பெயர் நீங்குகிறது என்ற விதிகளைப் பாருங்கள். அவற்றின்படி உங்கள் உறுப்பினர் தகுதி முடிந்திருந்தால் "இல்லை" என்பது நேர்மையான, முழுமையான பதில். முடியவில்லை என்றால், அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டுவிடுங்கள். காலியாக விடுவது பொய் எழுதுவதாகாது. வாய்விட்டுக் கேட்டால், "இது என் வேலைத்திறனோடு சம்பந்தப்பட்டதில்லையே, சார்" என்று பணிவாகச் சொல்லலாம். அதற்காக அவர்கள் உங்களை எடுக்காமல் விடக்கூடும் என்பதையும் தெரிந்துகொண்டே சொல்லுங்கள்.

பதினெட்டாவது கேள்வி இன்னும் நுட்பமானது. நீங்கள் இதை ஒரு வரியில் கடந்துபோயிருக்கிறீர்கள். மண்டபத்தில் வைத்து அனுப்பினாலே வழக்கு என்று நினைக்கிறீர்கள். அப்படியல்ல. பல சமயங்களில் முன்னெச்சரிக்கைக் கைதாகக் காட்டி விட்டுவிடுவார்கள், அதில் வழக்கே இருக்காது. சில சமயம் சட்டவிரோதமாகக் கூடியது, வழிமறித்தது என்று முதல் தகவல் அறிக்கை போடுவார்கள். அதில் ஐந்தாறு பெயரை எழுதிவிட்டு "மற்றும் சிலர்" என்று முடித்திருப்பார்கள். உங்கள் பெயர் அந்த ஐந்தாறில் இருக்கிறதா, 'மற்றும் சிலரில்' கரைந்துவிட்டதா என்று தெரியாமல் எதையும் எழுதக் கூடாது. முதல் தகவல் அறிக்கைகளை இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று 2016-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் மாவட்டம், காவல் நிலையம், தேதி கொடுத்துத் தேடலாம். பெயர் இருந்தால் வழக்கு எந்த நிலையில் நிற்கிறது என்று நீதிமன்றத்தில் பார்த்து, இருப்பதை இருப்பதுபோல் எழுதுங்கள்: கூலி உயர்வு கேட்ட மறியல், தண்டனை ஏதும் இல்லை. வழக்கு நிலுவையில் இருப்பது வேறு, தண்டனை பெற்றிருப்பது வேறு.

உறுதிமொழியும் வெள்ளைத்தாளும்

"இந்த முத்திரைத்தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டால் ஆயுசுக்கும் சங்கத்தில் சேர முடியாதே" என்று அஞ்சுகிறீர்கள். அந்தப் பயம் வேண்டாம். சட்டத்தின் நோக்கத்தைத் தோற்கடிக்கும் உடன்படிக்கையும், பொதுக் கொள்கைக்கு எதிரான உடன்படிக்கையும் செல்லாது என்று 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 23-ஆம் பிரிவு சொல்கிறது. சங்கத்தில் சேரமாட்டேன் என்ற வாக்குறுதி இதில் அடிபட்டுப்போகும். எவ்வளவு மதிப்புள்ள முத்திரைத்தாள், யார் சாட்சி, நோட்டரி முத்திரை உண்டா என்பதெல்லாம் அதைச் செல்லத்தக்கதாக்கிவிடாது. நீங்கள் வேலையில் சேர்ந்த பிறகு அந்தத் தாளைக் காட்டி, சங்கத்தை விட்டு விலகாவிட்டால் வேலை போய்விடும் என்று மிரட்டினால், அந்தத் தாளே நியாயமற்ற நடைமுறைக்கு ஆவணச் சாட்சியாகிவிடும். ஒப்பந்தத்தைக் காட்டிச் சங்கத்தை முடக்கும் உத்தி நம் மண்ணுக்குப் புதிதுமல்ல. சென்னைப் பக்கிங்காம் ஆலை நிர்வாகம், ஒப்பந்தத்தை மீறத் தொழிலாளர்களைத் தூண்டினார் என்று சொல்லி, தொழிற்சங்கத் தலைவர் பி. பி. வாடியா மீது 1920-களின் தொடக்கத்தில் உயர் நீதிமன்றத்தில் தடையாணை பெற்றது. அந்த அதிர்ச்சிதான் 1926-ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டத்துக்கு வழிவகுத்தவற்றில் முக்கியமானது.

ஆகவே உறுதிமொழியில் கையெழுத்திட்டுத்தான் உள்ளே போக முடியும் என்றால், ஒரு வழக்கறிஞராக அதை நான் பெரிய ஆபத்தாகக் கருதவில்லை. மனத்துக்கு அது எப்படியிருக்கும் என்பது நீங்கள் முடிவு செய்ய வேண்டியது. கையெழுத்திடுமுன் கைப்பேசியில் தெளிவாக ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். அந்த உறுதிமொழியில் இருக்கும் 'முன்னறிவிப்பின்றி எப்போது வேண்டுமானாலும் நீக்கலாம்' என்ற வரி சட்டத்தின் பாதுகாப்பைத் துடைத்துவிடாது. எனினும் அதைச் சுட்டிக்காட்டி ஒரு வார்த்தை கேட்டுப்பாருங்கள்.

வெள்ளைத்தாள் விஷயம் இப்படியல்ல. இதில்தான் உண்மையான ஆபத்து இருக்கிறது, இதைப் பற்றி நீங்கள் கவலைப்படவே இல்லை! அந்த இரண்டு தாள்களில் ஒன்று பெரும்பாலும் உங்கள் ராஜினாமாக் கடிதமாகும். மற்றொன்று கணக்கு முடித்துப் பணம் பெற்றுக்கொண்ட ரசீதாகும். பல ஆண்டுகளுக்கு முன்பு மதுரைத் தொழிலாளர் நீதிமன்றத்தில் நான் நடத்திய ஒரு வழக்கில், வெவ்வேறு மாதங்களில் 'தாமாகவே' விலகியதாகச் சொல்லப்பட்ட மூன்று தொழிலாளர்களின் கடிதங்களை நிர்வாகம் தாக்கல் செய்தது. மூன்றிலும் "சொந்த விறுப்பத்தின் பேரில்" என்று வல்லின றகரம். கையெழுத்து மட்டும் தாளின் அடியில், தட்டச்சான கடைசி வரிக்கு ஒரு சாண் கீழே தனியாகக் கிடந்தது. மூவரில் ஒருவர் பெயரைக் கிறுக்கத் தெரிந்தவரே தவிர எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியாதவர். அந்த றகரத்தை வைத்துக்கொண்டு குறுக்கு விசாரணையை நடத்தினேன், வென்றோம். ஆனால் வெல்வதற்கு நான்கு ஆண்டுகள் ஆயின, அதற்குள் அவர்களில் ஒருவர் திருப்பூருக்குக் குடிபெயர்ந்துவிட்டார்.

எனவே வெள்ளைத்தாளில் கையெழுத்துப் போடாமல் இருப்பதற்கு முடிந்தவரை முயலுங்கள். "எதற்கு என்று எழுதிக் கொடுங்கள், படித்துப் பார்த்துப் போடுகிறேன்" என்று கேட்பதில் மரியாதைக் குறைவு ஏதும் இல்லை. வேறு வழியே இல்லையென்றால், கையெழுத்தோடு அன்றைய தேதியையும் எழுதுங்கள். தாளின் மேற்பகுதியில் நெருக்கமாகப் போடுங்கள், கீழே தள்ளிப் போடாதீர்கள். வெளியே வந்த உடனே நடந்ததை நாள், நேரம், எதிரே உட்கார்ந்திருந்தவரின் பதவி எல்லாவற்றோடும் மின்னஞ்சலாக உங்களுக்கே ஒன்றும், நம்பிக்கையான ஒருவருக்கு ஒன்றும் அனுப்பிவிடுங்கள். சண்டை வருமுன் எழுதிய குறிப்புக்கு நீதிமன்றத்தில் கிடைக்கும் மதிப்பு, சண்டை வந்தபின் எழுதிய மனுவுக்குக் கிடைப்பதில்லை. மூலச் சான்றிதழ்களைக் காட்டலாம், ஒப்படைக்காதீர்கள். 'வைத்துக்கொள்கிறோம்' என்றால் நிறுவன முத்திரையோடு ரசீது கேளுங்கள்.

நியமன ஆணையில் எந்தப் பெயரில் எடுக்கிறார்கள்

சங்கக் கேள்வியிலேயே கண் போனதால் இதை நீங்கள் கேட்கவில்லை. எனக்கோ பதினேழாவது கேள்வியைவிட இதுதான் பெரிதாகத் தெரிகிறது. இப்போது நியமனக் கடிதம் கொடுப்பது நிறுவனங்களின் சட்டக் கடமை; தொழில் பாதுகாப்பு, சுகாதாரம் பற்றிய 2020-ஆம் ஆண்டுத் தொகுப்பில் அது இருக்கிறது. அந்தக் கடிதத்தில் உங்களை என்னவென்று குறிப்பிட்டிருக்கிறார்கள்? பயிலுநர் சட்டத்தின் கீழ் பயிலுநர் என்று எடுத்தால் நீங்கள் சட்டப்படி தொழிலாளியே அல்ல; மேலே சொன்ன பாதுகாப்பு எதுவும் உங்களைத் தொடாது. ஆறாண்டு அனுபவமுள்ள ஃபிட்டரைப் பயிலுநராக எடுக்க முயன்றால் கேள்வி கேட்க வேண்டும். ஒப்பந்ததாரரின் பெயரில் கடிதம் வந்தால், உங்கள் முதலாளி யார் என்பதே நாளை வழக்காகும். குறித்த கால நியமனம் என்றால் சம்பளமும் சலுகைகளும் நிரந்தரத் தொழிலாளியோடு சமமாக இருக்க வேண்டும், ஓராண்டு முடித்தால் பணிக்கொடையும் உண்டு. ஆனால் காலம் முடிந்ததும் புதுப்பிக்காமல் விட்டால் அதை ஆட்குறைப்பாகக் கருத முடியாது. அந்தத் தேதிக்கு முந்தைய மாதம் நீங்கள் சங்கம் பேசினால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

தகுதிகாண் பருவம் என்று இருந்தால் அது மோசமில்லை. தகுதிகாண் பருவத்தில் இருப்பவரும் தொழிலாளிதான். வேலை திருப்தியில்லை என்ற ஒரு வரியில் நீக்கினாலும், உண்மைக் காரணம் சங்க நடவடிக்கைதானா என்று அந்த வரியின் திரையை விலக்கி நீதிமன்றம் பார்க்கும். அப்படி நீக்கப்பட்டால் தாமதிக்காதீர்கள்: சமரச அதிகாரியான தொழிலாளர் துறை அலுவலரிடம் மனு கொடுத்து, நாற்பத்தைந்து நாளில் தீராவிட்டால் நேரே தீர்ப்பாயம் போகலாம். முன்பு இதற்கு மூன்று ஆண்டு அவகாசம் இருந்தது. புதிய தொகுப்பில் இரண்டே ஆண்டுகள். இன்னொன்று: தமிழ்நாட்டில் 1981 முதல் உள்ள சட்டப்படி இருபத்துநான்கு மாதங்களில் 480 நாள் வேலை செய்தவர் நிரந்தரத் தகுதி கோரலாம். எனவே சம்பளச் சீட்டுகளையும் வருகைப் பதிவு காட்டும் செய்திகளையும் முதல் நாளிலிருந்தே சேர்த்து வையுங்கள்.

திண்டுக்கல் சாலை ஆலை

வாட்ஸ்அப்பில் வந்த அழைப்பும், "சரி சார், வருகிறேன்" என்ற உங்கள் பதிலும் சேர்ந்தால் ஒப்பந்தம் உருவானதாக வாதிடலாம். ஆனால் தனியார் வேலையில் சேர்த்தே ஆகவேண்டும் என்று உரிமையியல் நீதிமன்றம் பொதுவாக உத்தரவிடாது. நஷ்டஈடாகக் கிடைத்தாலும் சொற்பத் தொகை. செலவு வரவைத் தின்றுவிடும். பழைய ஆலை அதிகாரிமீது அவதூறு வழக்கா? நீங்கள் சங்கத்தில் இருந்தீர்கள் என்று அவர் சொல்லியிருந்தால் அது உண்மை, அதில் இழுக்கும் இல்லை. திருடன், சாமான்களை உடைத்தவன் என்று சொல்லியிருந்தால்தான் அவதூறு. நண்பர் 'கேள்விப்பட்டது' சாட்சியமாகாது. சாட்சி சொல்ல வற்புறுத்தினால் அவர் வேலையும் போகும், அதைச் செய்யாதீர்கள்.

இருந்தாலும் கதவு முற்றாக அடைபட்டுவிடவில்லை. தொழில் தகராறு என்பதன் வரையறையில் 'எந்த ஒரு நபரின்' வேலை மறுப்பும் அடங்கும். அசாமின் திமாகுச்சி தேயிலைத் தோட்ட வழக்கில் 1958-இல் உச்ச நீதிமன்றம் இதை விளக்கியது: அந்த நபர் தொழிலாளியாகவே இருக்க வேண்டியதில்லை, ஆனால் அவருடைய வேலையில் அங்குள்ள தொழிலாளர்களுக்கு நேரடியான, கணிசமான அக்கறை இருக்க வேண்டும். அதாவது அந்தப் பிரச்சினையை நீங்கள் தனியாக எழுப்ப முடியாது. உள்ளேயிருக்கும் சங்கமோ தொழிலாளர்களோ எடுத்தால் எழுப்பலாம். உங்களைப்போல் பழைய ஆலையிலிருந்து வந்து வேலை மறுக்கப்பட்டவர்கள் வேறு யாரும் உண்டா என்று உங்கள் பழைய சங்கத் தலைவரிடம் கேளுங்கள். ஒருவர் கதை சந்தேகமாகத்தான் நிற்கும். ஐந்தாறு பேர் கதை, தேதிகளோடு வந்தால், வேறு வடிவம் எடுக்கும். அந்த வாட்ஸ்அப் உரையாடலை அழிக்காதீர்கள், கைப்பேசியை மாற்றினாலும் பழையதை வைத்திருங்கள். மின்னணுச் சாட்சியத்துக்கு மூலக் கருவியும் சான்றிதழும் கேட்பார்கள்.

உங்கள் மனைவி கேட்டதற்கு வருகிறேன். அவர் கேட்டது நியாயமான கேள்வி; இரண்டு பிள்ளைகளுக்குக் கட்டணம் கட்ட வேண்டிய மாதத்தில் எந்த வீட்டிலும் வரும் கேள்வி. எழுதிக் கொடுத்தாலும் உங்கள் உரிமை போகாது என்று அவரிடம் சொல்லுங்கள். ஆனால் வெள்ளைத்தாளில் போகும் கையெழுத்து அவர் நினைக்கும் அதே மாதச் சம்பளத்தைத்தான் ஒருநாள் பறிக்கும் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். சேர்ந்த முதல் ஆறு மாதம் சங்கம் பேசாமல் வேலையைப் பாருங்கள் என்று நான் சொன்னால் உங்கள் பழைய தோழர்கள் என்னைக் கோபிக்கக்கூடும். பரவாயில்லை, அதையே சொல்கிறேன்.

சேருவதற்கு முந்தைய நாள் நியமனக் கடிதத்தின் படத்தை அனுப்பினால் பார்த்துச் சொல்கிறேன். வழக்கு என்று வந்தால் கட்டணத்துக்காகத் தயங்க வேண்டாம். 1987-ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தில் இலவச உதவி பெறத் தகுதியானவர் பட்டியலில் தொழிற்சாலைத் தொழிலாளியும் இருக்கிறார், வருமானச் சான்று இல்லாமலே. மதுரை மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அந்த அலுவலகம் இயங்குகிறது. போகும்போது படிவத்தின் நகல், உறுதிமொழியின் படம், யுஏஎன் விவரம், பழைய ஆலை கொடுத்த கணக்கு முடிப்புத் தாள் ஆகிய நான்கையும் கையில் கொண்டுபோங்கள்.